காமன் பொட்டலில் கேட்ட படைப்புக் கதை

மாசி மாதத்தில் அட்டன் ரயில் நிலையத்தில் இறங்குகிறவர்களில் பாதிப்பேர் சிவனொளிபாத மலைக்குப் போகிறவர்கள். டிசம்பர் போயா எனும் பௌர்ணமியில் தொடங்கி வெசாக் போயா வரைக்கும் அங்கே சீசன். வெள்ளை உடுத்த சிங்களக் குடும்பங்கள், கம்பளித் தொப்பி மாட்டிய பிள்ளைகள், ரொட்டிப் பொட்டலத்தை மடியில் வைத்துக்கொண்டு பஸ்ஸுக்குக் காத்திருக்கும் முதியவர்கள் என்று நகரமே நிறைந்திருக்கும். திக்கோயாவைத் தாண்டி, காசல்ரீ நீர்த்தேக்கத்தின் கரையை வளைந்து வளைந்து சுற்றி நோர்வூட் வந்ததும் வழி பிரிகிறது. கூட்டம் மஸ்கெலியா வழியாக நல்லதண்ணிக்குப் போய்விடும். மற்ற வழியில், கெசல்கமு ஓயாவை எதிர்த்து ஏறிப் போனால் பொகவந்தலாவை.

உலகம் எப்படித் தோன்றியது, யார் படைத்தது, எது வரைக்கும் நிற்கும் என்ற கேள்வியை எந்தச் சமயமும் தொடாமல் விட்டதில்லை. பதில் சொல்ல மறுத்த சமயம்கூட அந்த மறுப்பையே ஒரு போதனையாக வைத்திருக்கிறது. நூலகத்தில் படித்தால் இவை ஒன்றோடொன்று முட்டிக்கொள்ளும் கொள்கைகள். இந்தப் பள்ளத்தாக்கில் இவை பக்கத்துப் பக்கத்து வீடுகள். கடைத்தெருவில் கோயில் மணியும் பள்ளிவாசல் பாங்கும் விகாரையின் பிரித் ஓசையும் ஒரே காலையில் கேட்கும். சற்றுத் தள்ளி ஆங்கிலேயர் கட்டிய தேவாலயம். நான் போனது தோட்டத்து மக்கள் ஆடும் காமன் கூத்துப் பார்க்க. ஆனால் அங்கே போகிறவர் முதலில் பார்க்க வேண்டிய இடம் அந்தத் தேவாலயத்தின் கல்லறைத் தோட்டம்தான் என்பேன்.

புனித மரியாள் தேவாலயம் சிறிய கற்கட்டடம். சுற்றிலும் தேயிலை. அங்கே ஜூலியா மார்கரெட் கமரூனும் அவர் கணவர் சார்ள்ஸ் ஹே கமரூனும் அடக்கம் செய்யப்பட்டிருக்கிறார்கள். கணவரை இலங்கை வரலாறு படித்தவர்களுக்குத் தெரியும். கோல்புறூக் - கமரூன் ஆணைக்குழுவின் கமரூன் அவர்தான், 1833ஆம் ஆண்டின் நீதிச் சீர்திருத்தம் அவர் கைவேலை. மனைவியை உலகம் வேறு காரணத்துக்காக அறியும். 1815இல் கல்கத்தாவில் பிறந்து, நாற்பத்தெட்டு வயதில் முதன்முதலாகக் கமரா ஒன்றைக் கையில் எடுத்து, பத்துப் பன்னிரண்டு வருடங்களில் புகைப்படக் கலையின் பெரும் பெயர்களில் ஒன்றாக ஆனவர். கோப்பித் தோட்டங்களில் கணவர் போட்ட பணத்தைத் தேடி 1875இல் குடும்பம் இலங்கைக்கு வந்தது. அதற்கு முன்பே, 1869இல் கோப்பி இலையில் பூஞ்சண நோய் விழுந்துவிட்டது. கோப்பிச் சாம்ராஜ்யம் சரிந்துகொண்டிருந்த காலம். 1879 ஜனவரி 26ஆம் திகதி திக்கோயாப் பக்கத்துத் தோட்ட பங்களா ஒன்றில் ஜூலியா இறந்தார். சாளரத்தின் வழியே நட்சத்திரங்களைப் பார்த்து 'அழகு' என்ற ஒரு சொல்லைச் சொல்லிவிட்டுக் கண்ணை மூடினார் என்று குடும்பத்தில் சொல்லி வந்திருக்கிறார்கள்.

அவர் எடுத்த படங்களில் இரண்டு, இந்தக் கட்டுரையின் கேள்விக்கு நேராக வந்து நிற்கின்றன. ஒன்று 1867இல் எடுத்த ஜோன் ஹர்ஷலின் முகம். தென்கோளத்து வானத்தை நன்னம்பிக்கை முனையிலிருந்து நான்கு வருடம் அளந்து நட்சத்திரப் பட்டியல் போட்ட வானியலாளர். மற்றது 1868இல் எடுத்த சார்ள்ஸ் டார்வினின் முகம். ஜூலியா, ஹர்ஷல், டார்வின் மூவருமே 1836இல் அந்த நன்னம்பிக்கை முனையில் இருந்தவர்கள். நோய் தீர ஓய்வெடுக்கப் போன இளம்பெண் ஜூலியா அங்கேதான் ஹர்ஷலைச் சந்தித்தார். வருங்காலக் கணவரைச் சந்தித்ததும் அங்கேதான். பீகிள் கப்பலில் உலகைச் சுற்றித் திரும்பிக்கொண்டிருந்த டார்வின் அதே ஆண்டு ஜூன் மாதம் ஹர்ஷலின் வீட்டு வாசலில் போய் நின்றார். பழைய உயிரினங்கள் அழிந்து புதியவை வருவது எப்படி என்பதே புதிர்களில் பெரிய புதிர் என்று ஹர்ஷல் அந்த ஆண்டில்தான் ஒரு கடிதத்தில் எழுதியிருந்தார். இருபத்துமூன்று ஆண்டுகள் கழித்து 'உயிரினங்களின் தோற்றம்' நூலின் முதல் பத்தியிலேயே டார்வின் அந்த வாசகத்தை நினைவுகூர்ந்தார்.

ஜூலியா ஆழ்ந்த கிறித்தவப் பற்று உள்ளவர். வீட்டுப் பணிப்பெண்ணை மரியாளாக நிறுத்தி எத்தனையோ படங்கள் எடுத்தவர். ஆறு நாட்களில் உலகம் ஆனது என்ற வேதாகமத்தின் முதல் அதிகாரத்தை உலுக்கியவரை, அதே பக்தியோடுதான் அவர் கமராவின் முன் உட்கார வைத்தார். அந்த இரண்டு படங்களையும் பார்த்தவர்களுக்குத் தெரியும்: தீர்க்கதரிசிகளுக்கு ஓவியர்கள் கொடுக்கும் ஒளியை இந்த இரண்டு முகங்களுக்கும் கொடுத்திருக்கிறார். அவருடைய அயல்வீட்டுக்காரரான கவிஞர் டெனிசன், உங்கள் கொள்கை கிறித்தவத்துக்கு எதிரானது இல்லையே என்று டார்வினிடம் கேட்டதும், நிச்சயமாக இல்லை என்று டார்வின் சொன்னதும் அதே 1868இன் கோடையில். இப்படிக் கேட்கவும் சொல்லவும் முடிந்த ஒரு கூட்டத்தின் நடுவில் வாழ்ந்த பெண் இந்தத் தேயிலை மலையின் மண்ணுக்குள் இருக்கிறார். சமயமும் விஞ்ஞானமும் பிறவிப் பகைவர்கள் என்று மேடையில் முழங்குகிறவர்கள் ஒருமுறை இங்கே வந்து நிற்கலாம். பிரபஞ்சம் விரிந்துகொண்டிருக்கிறது என்று 1927இல் எழுதிய விஞ்ஞானி லெமேத்ரும் ஒரு கத்தோலிக்கக் குருவானவரே. தன் கண்டுபிடிப்பைப் படைப்புக்குச் சாட்சியாகத் திருத்தந்தை 1951இல் எடுத்துப் பேசியபோது அவர் சங்கடப்பட்டார். இரண்டையும் குழப்ப வேண்டாம் என்பது அவர் நிலை. அதுதான் சரியான நிலை என்று நானும் நினைக்கிறேன். நமது பக்கத்திலும் ஒரு கற்பம் 432 கோடி ஆண்டு, பூமியின் வயது ஏறக்குறைய 454 கோடி, ஆகவே புராணம் விஞ்ஞானத்தை முந்திவிட்டது என்று எழுதுகிறவர்கள் உண்டு. எண்கள் அருகருகே வந்ததால் ஒரு சமயத்துக்குப் பெருமை கூடிவிடாது.

கல்லறைத் தோட்டத்துக்கு மேலே தேயிலை மலையில் ஏறினேன். கொழுந்தெடுக்கும் பெண்கள் இடுப்பில் படங்கு கட்டி, நெற்றியில் கூடைக் கயிறு இறங்க, நிரை பிடித்துப் போய்க்கொண்டிருந்தார்கள். "ஐயா எந்த ஊரு? சாமி மலைக்குப் போகலையா?" என்று ஒரு அம்மா கேட்டார். மேகம் விலகினால் எங்கே பார்க்க வேண்டும் என்று கையை நீட்டிக் காட்டியதும் அவர்தான்.

2,243 மீற்றர் உயரமான அந்தச் சிவனொளிபாதச் சிகரத்தின் உச்சியில் பாறைக் குழிவாக ஒரு பாதம். பௌத்தர்களுக்கு அது புத்தர் பாதம். சைவர்களுக்குச் சிவன் பாதம். இஸ்லாமியருக்குச் சுவர்க்கத்திலிருந்து இறக்கப்பட்ட முதல் மனிதர் ஆதம் நின்ற இடம். கிறித்தவர் சிலருக்குத் தோமையார் தடம். 1344இல் மொரோக்கோவிலிருந்து வந்த இபுனு பதூதா சங்கிலியைப் பிடித்து இந்த மலையில் ஏறியிருக்கிறார். தமிழுக்கும் இந்த மலை பழையது. மணிமேகலைக் காப்பியம் இலங்கைத் தீவின் சமனொளி மலையைப் பெயர் சொல்லிக் குறிக்கிறது.

இஸ்லாமிய மரபின் ஆதம் கதையில் என்னை எப்போதும் நிறுத்துவது, படைப்பு அங்கே வானத்தோடு முடியாமல் ஓர் இடத்துக்கு வந்து சேர்வதுதான். ஆகுக என்று இறைவன் சொன்னதும் ஆயிற்று என்கிறது குர்ஆன். வானமும் பூமியும் ஒன்றாக ஒட்டியிருந்தன, இறைவன் பிரித்தான் என்றும் சொல்கிறது. இத்தனை பெரிய நிகழ்ச்சியின் கடைசியில் ஒரு மனிதர் இந்தக் குளிர்ந்த மலையில் தனியாக நிற்கிறார், அழுகிறார். அவர் கண்ணீர்தான் இந்த நாட்டின் ஆற்றுப் படுகைகளில் மாணிக்கமாகக் கிடக்கிறது என்று இரத்தினக்கல் வியாபாரிகள் கதை சொல்வார்கள். பொகவந்தலாவை மண்ணிலும் நீலக்கல் உண்டு. கெசல்கமு ஓயாவின் கரையில் களவாகக் குழி வெட்டி ஆற்றையே கலக்கிவிட்ட வேதனையும் உண்டு.

பௌத்தம் வேறு திசையில் போகிறது. உலகம் சுருங்கும், மீண்டும் விரியும். அப்படி விரிந்த ஒரு காலத்தில் ஒளியுடம்போடு மிதந்து திரிந்த உயிர்கள் மண்ணின் சாரத்தை ஆசைப்பட்டு நக்கிப் பார்த்தன. பசி வந்தது, உடம்பு தடித்தது, ஒளி போயிற்று, எனக்கு உனக்கு என்று வேலி வந்தது, களவு வந்தது, காவலுக்கு அரசன் வந்தான். அக்கஞ்ஞ சுத்தம் சொல்லும் கதை இது. படைத்தவன் என்று ஒருவன் அதில் கிடையாது. உலகம் நிலையானதா, முடிவுள்ளதா என்று நேராகக் கேட்ட சீடனுக்கோ புத்தர் பதில் சொல்லவில்லை. அம்பு தைத்துக் கிடப்பவன், எய்தவன் என்ன குலம், வில் என்ன மரம் என்று விசாரித்து முடிக்கும் முன் செத்துப் போவான் என்றார். இந்த மௌனத்துக்கு நான் தலைவணங்குகிறேன். ஆனாலும் மனித மனம் கேட்காமல் இருக்கிறதா? அந்தப் புத்தரைப் போற்றிப் பாடிய தமிழ்க் காப்பியமே, வஞ்சி நகரில் மணிமேகலையை வரிசையாகப் பல சமயவாதிகளிடம் அனுப்பி, உங்கள் கொள்கை என்ன என்று ஒவ்வொருவரையும் கேட்க வைக்கிறது. சைவவாதி, வைணவவாதி, அணுக்களைப் பேசும் ஆசீவகன், பூதங்களைத் தவிர வேறெதுவும் இல்லை என்னும் பூதவாதி என எல்லோருக்கும் அங்கே பேச இடமிருக்கிறது. நாத்திகனையும் பேசவிட்டுக் கேட்ட அந்தக் காதையை நம் பள்ளிக்கூடங்களில் இன்னும் கவனமாகச் சொல்லிக் கொடுக்க வேண்டும்.

இனிக் கூத்துக்கு வருகிறேன்.

மாசி அமாவாசை கழிந்து மூன்றாம் பிறையன்று தோட்டத்தில் காமன் ஊன்றுவார்கள். தொழிலாளரின் வரிசை வீடுகளான லயங்களுக்கு நடுவே அதற்கென்று விட்டுவைத்த காமன் பொட்டல். குழி தோண்டி, பாலும் நவதானியமும் இட்டு, கரும்பும் ஆமணக்குக் கொம்பும் சேர்த்து நட்டு, வைக்கோற்பிரி சுற்றுவார்கள்; தோட்டத்துக்குத் தோட்டம் முறை கொஞ்சம் மாறும். அன்றிலிருந்து பௌர்ணமி வரைக்கும் இரவில் தப்புப் பறை அடங்காது. காமனாகவும் அவன் மனைவி ரதியாகவும் வேஷம் கட்டுகிறவர்கள் காப்புக் கட்டி விரதம் இருப்பார்கள். பகலில் மலையில் வேலை, இரவில் பொட்டலில் ஆட்டம். பௌர்ணமி இரவில் தகனம். இலங்கையில் பௌர்ணமி போயா விடுமுறை என்பதால் அன்று விகாரையில் வெள்ளை உடுத்துச் சில் (நோன்பு) எடுத்தவர்களுக்குப் பண (அறவுரை) ஓதும் ஒலிபெருக்கி ஒரு பக்கம் கேட்கிறது, தப்பு ஒரு பக்கம் கேட்கிறது. இரண்டுமே உலகத்தைப் பற்றிய பேச்சுத்தான்.

கதை எல்லோருக்கும் தெரிந்தது. ஆனால் அது படைப்பைப் பற்றிய கதை என்பதை நாம் மறந்துவிட்டோம். கச்சியப்ப சிவாசாரியாரின் கந்தபுராணம் இதை விளக்கமாகச் சொல்கிறது. சனகர் முதலிய முனிவர்களுக்கு மௌனமாக உபதேசித்துச் சிவன் யோகத்தில் அமர்ந்துவிடுகிறான். அவன் யோகத்தில் இருந்ததால் உலகத்து உயிர்களுக்கெல்லாம் விருப்பம் அற்றுப் போகிறது. ஆணும் பெண்ணும் நாடவில்லை, பிறப்பு நின்றுவிட்டது. பிரமனுக்குத் தொழில் இல்லை. சூரபன்மனின் கொடுமையால் தேவர்களுக்கு இருக்க இடம் இல்லை. சிவன் கண் விழித்து உமையை மணந்து முருகன் பிறந்தால்தான் உலகம் மீளும். அவனை எழுப்ப மன்மதனை, அதாவது காமனை, ஏவுகிறார்கள். மலர்க்கணை விழுகிறது, நெற்றிக்கண் திறக்கிறது, ஏவப்பட்டவன் சாம்பலாகிறான்.

உலகம் எதனால் ஆனது என்று மற்றச் சமயக் கதைகள் கேட்கின்றன. இந்தக் கதை கேட்பது இன்னொன்று: ஆன உலகம் எதனால் தொடர்ந்து நடக்கிறது? விருப்பத்தால். விருப்பம் அற்ற கடவுள் நிறைவானவன், ஆனால் அந்த நிறைவில் உலகம் நின்றுபோகும். அதை நடத்த ஒருவன் எரிய வேண்டியிருக்கிறது. சைவ சித்தாந்தம் இதை வேறு மொழியில் சொல்கிறது. பதி, பசு, பாசம் மூன்றும் தோற்றமில்லாதவை. மண்ணிலிருந்து குயவன் குடம் வனைவது போல மாயையிலிருந்து இறைவன் உலகை ஆக்குகிறான். மண் இல்லாமல் குடம் இல்லை, ஆகவே சூன்யத்திலிருந்து எதுவும் பிறப்பதில்லை. படைத்தல், காத்தல், அழித்தல், மறைத்தல், அருளல் என்ற ஐந்தும் ஓயாமல் நடக்கும் தொழில்கள். அழிவு என்பது ஒடுக்கம். ஒடுங்கிய இடத்திலிருந்தே மீண்டும் தோற்றம். பதின்மூன்றாம் நூற்றாண்டில் மெய்கண்டார் சிவஞான போதத்தின் பன்னிரண்டு சூத்திரத்தில் வைத்த தத்துவம் இது.

இந்தத் தத்துவத்தை வாதமாகவே பாடுகிற மரபு நம் கிராமங்களில் இருந்தது. தஞ்சாவூர், திருச்சிப் பக்கத்து லாவணியில் எரிந்த கட்சி, எரியாத கட்சி என்று இரண்டு பிரிவு. காமன் எரிந்தான், சிவன் கோபத்தின் முன் எதுவும் தப்பாது என்பது ஒரு கட்சி. எரிந்திருந்தால் இன்றைக்கு உலகத்தில் பிள்ளை பிறப்பது எப்படி, ஆகவே எரியவில்லை என்பது எதிர்க்கட்சி. டேப் என்ற தோற்கருவியை அடித்து விடிய விடியக் கேள்வியும் பதிலுமாகப் பாடுவார்கள். உள்ளது அழியுமா, உருவம் மாறி நிற்குமா என்ற சித்தாந்தக் கேள்விக்கும் இதற்கும் என்ன வித்தியாசம்? எனக்குத் தெரிந்து ஒரு வித்தியாசமும் இல்லை, பாடியவர்கள் மடத்துப் பண்டிதர்கள் அல்ல என்பதைத் தவிர. அந்த மாவட்டங்களிலிருந்தும் சேலம், மதுரை, இராமநாதபுரம் பக்கமிருந்தும் கங்காணிகள் கூட்டி வந்த மக்கள்தான் இந்த மலைகளைத் தோட்டமாக்கினார்கள். மூட்டையில் அதிகம் எதுவும் இருந்திருக்காது. காமன் கதை கூடவே வந்திருக்கிறது.

தகனத்தன்று இரவு பொட்டலின் ஓரத்தில் இடம் கிடைத்தது. குளிர் எலும்பைத் தொட்டது. லயத்துப் பெண் ஒருவர், கேட்காமலே, பிளேன்டீயும் ஒரு துண்டு வெல்லமும் கொண்டுவந்து கொடுத்தார். ரதியாக ஆடிய பையன் பதினெட்டு வயதுக்கு மேல் இருக்கமாட்டான். கையில் கண்ணாடி வளையல், காலில் சலங்கை, சலங்கைக்குக் கீழே தோட்ட வேலையில் வெடித்த பாதம். போகாதே என்று அவன் காமனைத் தடுத்துப் பாடினான். காமன் கேட்கவில்லை. தூதன் வந்தான், வீரபத்திரன் வந்தான், எமன் வந்தான். எமன் வேஷத்தைக் கண்டு ஒரு குழந்தை அலற, தாய் முந்தானைக்குள் மூடிக்கொண்டாள். விடியப் போகும் நேரத்தில் சிவன் எழுந்து நின்றான். கம்பியில் வாணம் சீறிக்கொண்டு ஓடிப்போய் வைக்கோலில் முட்டியது. ஒரே மூச்சில் பற்றிக்கொண்டது. தப்பு நின்றது. அந்தப் பையன் தரையில் விழுந்து புலம்பத் தொடங்கியதும் பொட்டலைச் சுற்றி நின்ற பெண்களில் பலர் உண்மையாகவே அழுதார்கள்.

கூத்து வாத்தியார் எழுபது தாண்டியவர். தேயிலைச் செடியைக் கவ்வாத்து வெட்டிக் காய்த்த கை. நெருப்பு அடங்கும்வரை பக்கத்தில் உட்கார்ந்திருந்தேன்.

"சிவன் செஞ்சது சரியா ஐயா?" என்று கேட்டேன்.

"சிவன எப்படித் தம்பி குத்தம் சொல்றது? ஏவிவிட்டவங்க யாருன்னு பாருங்க. இந்திரன், பெரமா, தேவருங்க. அவங்கள்லாம் நல்லா இருந்தாங்க. போனவன்தான் எரிஞ்சான்." கொஞ்சம் பொறுத்து, "எங்க தாத்தா அந்த எடத்த ஒரு பாட்டா பாடுவாரு. எனக்குப் பாதிதான் வருது" என்றார்.

1823 வாக்கில் முதற் கூட்டம் வந்திறங்கியதிலிருந்து, 1948ஆம் ஆண்டுக் குடியுரிமைச் சட்டம் இவர்களை ஒரே அடியில் நாடற்றவர்களாக்கியதுவரை, யார் யாரோ ஏவ, போய் எரிந்த ஒரு சமூகம் இந்தக் கதையை வருடம் தவறாமல் ஏன் ஆடுகிறது என்று எனக்கு அந்தப் பதிலில் விளங்கிற்று. ஆனால் அவர்கள் எரிவதோடு நிறுத்துவதில்லை. மூன்றாம் நாள் காமனை எழுப்புகிறார்கள். ரதியின் கண்ணுக்கு மட்டும் தெரிந்து, மற்றவர்களுக்கு உருவமற்றவனாக அவன் மீள்கிறான். விருப்பம் உடம்பை இழந்து உலகமெங்கும் பரவி நிற்கிறது, படைப்புத் தொடர்கிறது.

இந்த மக்களின் தெய்வங்களும் அப்படியே தொடர்ந்து படைக்கப்படுகின்றன. மாரியம்மனும் முனியாண்டியும் மாடசாமியும் இந்தியாவிலிருந்து வந்தவர்கள். கவ்வாத்துச் சாமியும், தேயிலை ஸ்டோரின் சக்கரத்தைக் காக்கும் ரோதமுனியும் இங்கேயே பிறந்தவர்கள். பெல்ட்டில் கை போய்விடக் கூடாது, கத்தி காலில் விழக் கூடாது என்ற பயத்திலிருந்து எழுந்த தெய்வங்கள். சிறுதெய்வம் என்று இவற்றை ஒதுக்குகிற வழக்கம் எனக்கு உடன்பாடில்லை. ஆபத்து எங்கே இருக்கிறதோ அங்கே கடவுளைக் கொண்டுபோய் நிறுத்துவதும் உலகத்தைப் புரிந்துகொள்ளும் ஒரு வழிதான்.

வேதாகமத்தின் முதல் அதிகாரத்துக்கு உரை உண்டு. அக்கஞ்ஞ சுத்தத்துக்கு உரை உண்டு. சிவஞான போதத்துக்கு உரைக்கு மேல் உரை உண்டு. பொகவந்தலாவையின் காமன் பாட்டு, எழுபது தாண்டிய சிலரின் தொண்டையில் பாதியாக இருக்கிறது. இளைஞர்கள் கொழும்புக் கடைகளுக்கும் வளைகுடாவுக்கும் போய்விடுகிறார்கள். அவர்களைக் குறை சொல்ல முடியாது. அடுத்த மாசியில் சிவனொளிபாத மலைக்கு வருகிறவர்கள் நோர்வூட்டில் ஒருநாள் வழி மாறி இந்தப் பக்கம் வாருங்கள். வாத்தியார்மாரின் சம்மதம் கேட்டு, கையிலிருக்கும் கைபேசியில் பாட்டை முழுவதாகப் பதிவு செய்யுங்கள். ஒரு பிரதியை அந்தத் தோட்டத்துப் பள்ளிக்கூடத்திலேயே கொடுத்துவிட்டுப் போங்கள்.